கூட்டாளிகளின் சங்கீதம்



ஒரு கலைஞனுடைய சரித்திரத்தைச் சொல்லப் புகுகிறவர்கள், அவன் எந்த ஊரிலே பிறந்தான், எவரிடம் பாடம் கேட்டான், என்னென்ன உருப்படிகளைச் செய்தான், எந்தெந்தச் சபைகளில் மாலை மரியாதை பெற்றான் என்றெல்லாம் விரிவாகச் சொல்லிவிட்டு, அவன் தன்னோடு உட்கார்ந்து வாசித்தவர்களுக்கு வருமானத்தில் எவ்வளவு கொடுத்தான் என்ற கேள்வியை மட்டும் எழுப்பாமலே விட்டுவிடுவது வழக்கம். கலைக்கும் கணக்குப் புத்தகத்துக்கும் சம்பந்தமில்லை என்ற ஓர் எண்ணம் நம் மனத்தில் வேரூன்றிக் கிடப்பதே அதற்குக் காரணம். அந்த எண்ணம் தவறு என்பதற்குச் சாட்சியாக ஒரு மனிதருடைய வாழ்க்கையை உங்கள் முன் வைக்க விரும்புகிறேன். அர்ஜென்டினா தேசத்திலே, புவெனஸ் அயர்ஸ் நகரத்திலே, 1905-ஆம் ஆண்டு டிசம்பர் 2-ஆம் தேதி பிறந்து, 1995-ஆம் ஆண்டு ஜூலை 25-ஆம் தேதி அந்த நகரத்திலேயே காலமான ஒஸ்வால்டோ புல்யேசே என்ற பியானோ வித்வான்தான் அவர். டாங்கோ சங்கீதத்திலே அவருடைய வாத்தியக் குழுவுக்கென்று ஒரு தனி நாதம் உண்டு. அந்த நாதமும், குழுவின் ஊதியத்தை அவர் பங்கிட்ட முறையும் ஒன்றையொன்று வளர்த்தவை என்பதே என் துணிபு.

டாங்கோ என்ற சொல்லைக் கேட்டதும், பல்லிடுக்கில் ரோஜா மலரைக் கவ்விக்கொண்டு பளபளக்கும் தரையில் வழுக்கிச் செல்லும் சினிமா ஜோடி சிலருக்கு நினைவு வரக்கூடும். அந்தக் காட்சியைச் சற்று நேரம் ஒதுக்கி வைத்துவிடுங்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில், லா பிளாட்டா நதி கடலோடு கலக்கும் முகத்துவாரத்தின் இருகரைகளிலும் இருக்கும் புவெனஸ் அயர்ஸ், மான்டிவிடியோ என்ற இரண்டு துறைமுக நகரங்களில், இத்தாலியிலிருந்தும் ஸ்பெயினிலிருந்தும் பிழைப்புத் தேடி வந்து இறங்கிய ஜனங்களும், அங்கே முன்பிருந்தே வாழ்ந்த ஆப்பிரிக்க வம்சத்தாரும், மேய்ச்சல் நிலங்களை விட்டுப் பட்டணம் புகுந்த நாட்டுப்புறத்தாரும் நெருக்கியடித்துக்கொண்டு வாழ்ந்த சேரிகளிலே பிறந்த சங்கீதம் அது. நாளடைவில் அதற்கென்று ஒரு வாத்தியக் கட்டு அமைந்தது: சில வயலின்கள், ஒரு பியானோ, அடியிலே தாங்கி நிற்கும் பெரிய டபுள் பேஸ், இவற்றுக்கு நடுநாயகமாகப் பண்டோனியன்.

பண்டோனியனைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் மேலே போக முடியாது. ஜெர்மனி தேசத்திலே கிரேஃபெல்ட் என்ற ஊரில் இருந்த ஹைன்ரிக் பாண்ட் என்பவருடைய பெயரைத் தாங்கி, கப்பலேறி அர்ஜென்டினாவுக்கு வந்து சேர்ந்த துருத்தி வாத்தியம் அது. முழங்கால்மீது வைத்துக்கொண்டு இரு கைகளாலும் இழுத்தும் அமுக்கியும் வாசிக்க வேண்டும். டாங்கோக்காரர்கள் கையாளும் பண்டோனியனில் 71 பொத்தான்கள் உண்டு. ஒரே பொத்தான் துருத்தி விரியும்போது ஒரு ஸ்வரத்தையும் சுருங்கும்போது பெரும்பாலும் வேறொரு ஸ்வரத்தையும் கொடுக்குமாதலால், வலக்கைக்கு இரண்டு, இடக்கைக்கு இரண்டு என்று நான்கு விதமான அமைப்புகளை மனத்திலே பதித்துக்கொண்ட பிறகே ஒருவன் அதிலே ஒரு பாட்டை வாசிக்கத் தொடங்கலாம். இந்த அசாத்தியமான வாத்தியத்தை நான்கைந்து பேர் வரிசையாக உட்கார்ந்து ஒரே மூச்சாக இழுக்கும்போது எழும் சப்தத்திலே, இன்ன காரணம் என்று சொல்ல முடியாத ஒரு துயரம் கலந்திருக்கிறது.

புல்யேசே பிறந்தது வில்லா கிரெஸ்போ என்னும் பேட்டை. ஒரு பெரிய காலணித் தொழிற்சாலையைச் சுற்றி வளர்ந்த தொழிலாளர் குடியிருப்பு அது. அவருடைய தகப்பனார் அடோல்ஃபோ காலணித் தொழிலிலே ஜீவனம் நடத்தியவர். பொழுது சாய்ந்த பிறகு அக்கம்பக்கத்துக் குழுக்களில் புல்லாங்குழல் வாசித்தவர். சகோதரர்கள் இருவரும் வயலின் பிடித்தார்கள். ஒஸ்வால்டோவும் முதலில் வயலின்தான் கற்றான். பிறகு தகப்பனார் தம் சக்திக்கு மீறிய செலவிலே ஒரு பியானோவை வாங்கி வந்தபோது பையன் அதன்முன் உட்கார்ந்தான். அதற்குப் பிறகு வேறு வாத்தியத்தை அவன் நாடவில்லை. பிற்காலத்தில் விசென்டே ஸ்கராமூட்சா என்ற பேராசிரியரிடமும் அவர் பயின்றார். இன்று உலகப் பிரசித்தி பெற்று விளங்கும் பியானோ கலைஞர் மார்த்தா ஆர்கெரிச் அம்மையாருக்கும் அந்தப் பேராசிரியரே குரு என்பதைச் சொன்னால், காப்பிக் கடையிலே வாசித்துப் பிழைத்த ஒரு டாங்கோக்காரர் எத்தகைய சாதகத்தை நாடிச் சென்றார் என்பது உங்களுக்கு விளங்கும்.

பதினைந்து வயதிலேயே பையன் காப்பிக் கடைகளில் வாசித்துச் சம்பாதிக்கத் தொடங்கிவிட்டான். பேசாத சினிமாப் படங்களுக்குத் திரையின் கீழே இருந்து பியானோ வாசித்தான். இதே பேட்டையிலே பிறந்த பக்கீட்டா பெர்னார்டோ என்னும் இளம்பெண், பெண்கள் தொடக்கூடாது என்று கருதப்பட்ட பண்டோனியனைக் கையிலெடுத்து, 1921-ஆம் ஆண்டில் கொரியென்டஸ் வீதியிலிருந்த டொமிங்கெஸ் காப்பிக் கடையில் தன் குழுவோடு வாசிக்க, அவளைக் காண்பதற்காகக் கூடிய கூட்டத்தால் வீதி நெரிந்தது. அந்தக் குழுவின் பியானோக்காரன் நம் ஒஸ்வால்டோதான். அந்தப் பெண் இருபத்தைந்து வயது நிரம்புவதற்குள் 1925-இல் இறந்துபோனாள். அவளுடைய வாசிப்பு ஓர் இசைத்தட்டிலும் பதிவாகவில்லை. அவளைப் பற்றியே தனியாக ஒரு பேச்சு நிகழ்த்தலாம். அந்தக் கடமையை யாராவது நிறைவேற்ற வேண்டும்.

பத்தொன்பது வயதுகூட நிரம்பாத அந்தப் பிராயத்தில் புல்யேசே இயற்றியதுதான் ‘ரெகுவேர்தோ’ என்ற உருப்படி. ‘நினைவு’ என்பது அதன் பொருள். முதற்பதிப்பு தகப்பனாருடைய பெயரிலே வெளிவந்தது. 1926-ஆம் ஆண்டு ஹூலியோ தே காரோ என்ற வயலின் மேதை தம் ஆறு பேர் குழுவோடு அதை இசைத்தட்டில் பதிவு செய்தார். அதுவரையிலும் டாங்கோவிலே ஒரு மெட்டு இருக்கும், அதன் அடியிலே தாளம் நடக்கும். ‘ரெகுவேர்தோ’விலோ ஒவ்வொரு வாத்தியத்துக்கும் சொல்லுவதற்கு ஏதோ ஒன்று இருக்கிறது. இறுதியிலே பண்டோனியன்கள் துரித காலத்தில் பொழிகின்ற பகுதியைக் கேட்டுவிட்டு, இதைச் செய்தவன் மீசை அரும்பும் வயதுப் பையன் என்பதை நம்புவது கடினம். நூற்றாண்டு கடந்தும் பண்டோனியன் கற்பவர்கள் அந்தப் பகுதியை வாசித்துக் காட்டித்தான் தங்கள் கைத்திறமையை நிரூபிக்கிறார்கள்.

இப்படித் தொடங்கியவருடைய வாழ்க்கை படிப்படியாக மேலேறியிருக்கும் என்று நாம் எதிர்பார்ப்போம், அவ்வாறு நடக்கவில்லை. 1929-இல் எல்வினோ வர்தாரோ என்ற அற்புதமான வயலின் வித்வானோடு சேர்ந்து ஓர் அறுவர் குழுவை அமைத்தார். கேட்டவர்கள் பிற்காலத்தில் பேசிப் பேசி மாய்ந்த குழு அது. ஆனால் ஒரு தட்டுகூடப் பதியாமலே, வெளியூர்ப் பயணத்தில் நஷ்டப்பட்டுக் கலைந்தது. அதற்குள் பேசும்படம் வந்துவிட்டது. சினிமாக் கொட்டகைகளிலே வாசித்துப் பிழைத்த நூற்றுக்கணக்கான வாத்தியக்காரர்கள் வேலை இழந்து வீதிக்கு வந்தார்கள். உலக முழுவதையும் வாட்டிய பொருளாதார மந்தமும் அதே சமயத்தில் சேர்ந்துகொண்டது. காப்பிக் கடை முதலாளி கொடுத்ததைப் பெற்றுக்கொண்டு, குழுத் தலைவன் கொடுத்ததில் திருப்தியடைந்து, நோய் வந்தால் பட்டினி கிடக்கும் சங்கீதக்காரனும் ஒரு தொழிலாளியே என்ற எண்ணம், காலணித் தொழிலாளியின் மகனுக்குப் புத்தகத்தைப் படித்து வரவேண்டிய அவசியம் இருக்கவில்லை. முப்பதுகளின் நடுவில் இசைக் கலைஞர்களுக்கு ஒரு தொழிற்சங்கத்தைக் கட்டி எழுப்பியவர்களில் அவர் ஒருவர். 1936-ஆம் ஆண்டளவில் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்தார். உயிர் பிரியும் வரையில் அந்தக் கொள்கையை விடவில்லை. அந்தக் கட்சியின் அரசியலை ஏற்பவர்களும் மறுப்பவர்களும் இந்த அவையிலே இருக்கக்கூடும். அந்த வாதத்துக்குள் நான் நுழையவில்லை. அவர் அந்தக் கொள்கையைத் தம்முடைய வீட்டு வாசலோடு நிறுத்திக்கொள்ளாமல், தம் சம்பளப் பட்டியலிலே கொண்டுவந்து வைத்தார் என்பதுதான் நமக்கு முக்கியம்.

1939-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 11-ஆம் தேதி, கொரியென்டஸ் வீதியில் ‘டாங்கோவின் தேவாலயம்’ என்று ரசிகர்கள் கொண்டாடிய நாசியோனால் காப்பிக் கடையிலே, அவருடைய சொந்தக் குழு அரங்கேறியது. சொந்தக் குழு என்று நான் சொல்வது வழக்கத்தை ஒட்டித்தான். உண்மையில் அது அவருக்குச் சொந்தமானதன்று. அக்காலத்து டாங்கோ குழுக்களிலே தலைவனே முதலாளி. ஒப்பந்தத் தொகையை அவன் வாங்கிக்கொண்டு மற்றவர்களுக்கு நாட்கூலியோ மாதச் சம்பளமோ கொடுப்பான். புல்யேசே தம் குழுவைக் கூட்டுறவாக அமைத்தார். வரும் பணம் முழுவதும் பொதுவில் சேரும். ஒவ்வொருவருக்கும் இத்தனை புள்ளிகள் என்று கணக்கு உண்டு. எத்தனை காலமாக இருக்கிறார், தவறாமல் வருகிறாரா, குழுவுக்காக ஓர் உருப்படியை இயற்றித் தந்தாரா, வாத்தியங்களுக்குப் பங்கீடு செய்து எழுதிக் கொடுத்தாரா என்பனவற்றையெல்லாம் பார்த்துப் புள்ளிகள் கூடும். தலைவரான புல்யேசேக்கும் புள்ளிகள்தாம். தலைவர் என்பதற்காகத் தனியொரு மூட்டை கிடையாது.

இந்தக் கணக்கு சங்கீதத்தை என்ன செய்தது என்பதைக் கவனியுங்கள். இயற்றினாலும் வாத்தியங்களுக்குப் பங்கீடு செய்து எழுதினாலும் பங்கு கூடும் என்ற ஏற்பாட்டினால், பின்வரிசையிலே உட்கார்ந்து வாசிப்பவன்கூட இரவு வீட்டுக்குப் போய்த் தாளை எடுத்து எழுதத் தொடங்கினான். ஒஸ்வால்டோ ருஜியேரோ என்ற முதற்பண்டோனியன்காரர் ‘என். என்.’ என்ற உருப்படியைச் செய்தார், ஹோர்கே கல்தாரா ‘பட்டேட்டிகோ’வைச் செய்தார், மாரியோ தேமார்கோ ‘பாட்டா ஆஞ்சா’வைச் செய்தார், வயலின் வாசித்த எமிலியோ பல்கார்செ, இன்று உலக முழுவதும் வாசிக்கப்படுகின்ற ‘லா போர்தோனா’வைச் செய்தார். வேறு எந்த டாங்கோ குழுவிலும் உள்ளிருந்தவர்களே இத்தனை பேர் இத்தனை சிறந்த உருப்படிகளைச் செய்ததாக நான் அறியேன். மற்றத் தலைவர்கள் பாட்டை வெளியிலிருந்து வாங்கினார்கள். புல்யேசேயின் குழுவிலே பாட்டு உள்ளேயே விளைந்தது. அப்படியிருந்தும், யார் எழுதியதாயினும், இரண்டு அடி காதில் விழுந்தவுடனே இது புல்யேசேயின் குழு என்று சொல்லிவிடலாம். பலர் கை பட்டும் ஒரே முகமாக நிற்பதுதான் இதிலே உள்ள அதிசயம்.

அந்த முகத்தின் லட்சணம் என்ன? அவர் இயற்றி 1946-இல் பதிவு செய்த ‘லா யும்பா’ என்ற உருப்படியை எடுத்துக்கொள்வோம். நான்கு அட்சரம் கொண்ட தாளம். முதல் அட்சரத்திலும் மூன்றாம் அட்சரத்திலும் வயலின்களும் பண்டோனியன்களும் ஓங்கி அடிக்கின்றன. ஆனால் நேரே வந்து விழுவதில்லை. அட்சரம் வருவதற்குச் சற்று முன்பிருந்தே ஸ்வரத்தைக் கீழிருந்து இழுத்துக்கொண்டு வந்து அதன்மேல் போடுகின்றன. இரண்டாவதிலும் நான்காவதிலும் பியானோவின் அடிமட்டத்திலிருந்து ஒரு கனத்த முழக்கம் பதில் கொடுக்கிறது. தேர் வடத்தைப் பிடித்த ஜனங்கள் ஒரு மூச்சு பின்வாங்கிப் பிறகு ஒருசேர இழுக்க, அசையாத சக்கரம் முனகி ஓர் உருட்டு உருண்டு நிற்கிறதே, அந்தக் கனமும் அந்த வேகமும் இதிலே இருக்கின்றன. அடுத்த கணத்திலே எல்லாம் அடங்கி, ஒரு வயலின் மட்டும் மெல்லிய குரலில் பாடத் தொடங்குகிறது. காலம் தளர்கிறது, நீள்கிறது, நின்றே போய்விட்டதோ என்று நாம் திகைக்கும்போது முழுக்குழுவும் மறுபடி ஒன்றாக இறங்குகிறது. பத்துப் பன்னிரண்டு பேர், கோல் பிடித்து வழிகாட்டுபவர் எவரும் இல்லாமல், பியானோவின் முன் குனிந்து உட்கார்ந்திருக்கும் கனத்த மூக்குக் கண்ணாடிக்காரரின் தோள் அசைவை மட்டும் பார்த்துக்கொண்டு, இப்படிக் காலத்தை நெகிழ்த்தி மறுபடி சேர்ந்து விழுவது, கூலிக்கு அமர்த்தப்பட்டு ஆண்டுக்கொரு முறை மாறிப்போகும் ஆட்களால் ஆகிற காரியமா? ருஜியேரோ அந்தக் குழுவிலே இருந்தது ஏறக்குறைய முப்பது ஆண்டுகள். புள்ளிக் கணக்குதான் அவர்களை அத்தனை காலம் சேர்த்து வைத்தது என்று நான் முழுமையாகச் சொல்லமாட்டேன். ஆனால் அது இல்லாமல் சேர்ந்திருப்பார்கள் என்றும் எனக்குத் தோன்றவில்லை.

‘லா யும்பா’வே அவருடைய முத்திரை என்று உலகம் சொல்கிறது. என்னைக் கேட்டால், 1948-இல் பதிவான ‘நெக்ராச்சா’வே அதைவிட உயர்ந்தது என்பேன். அதிலே மெட்டு என்று முணுமுணுக்கத் தக்கது ஏதுமில்லை. தாளமே பல துண்டங்களாக உடைந்து ஒன்றின்மேல் ஒன்று மோதுகிறது. பின்னாளில் ஆஸ்டர் பியாஸ்ஸோல்லா டாங்கோவிலே செய்யவிருந்த புரட்சியின் முன்னறிவிப்பை அதிலே கேட்டவர்கள் பலர். ஆனால் இவ்வளவு நுட்பங்கள் செய்தும் புல்யேசே ஆடுபவர்களைக் கைவிடவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். பேட்டை மன்றங்களிலே சனிக்கிழமை இரவு ஆட வந்த தையற்காரியும் தச்சனுமே அவருடைய சபை. அல்பெர்ட்டோ மொரான் என்ற பாடகர் உருகி உருகிப் பாடும்போது மன்றத்துப் பெண்கள் ஆட்டத்தை நிறுத்திவிட்டு மேடையண்டை வந்து நின்றார்களாம். இன்றும் நடன மன்றங்களில் புல்யேசேயின் தட்டுகளை இரவு முதிர்ந்த பிறகே போடுவது வழக்கம். உடம்பு சூடேறி மனம் கனிந்த பிறகுதான் அந்தக் கனத்தைத் தாங்க முடியும் என்பது ஆடுபவர்களின் அனுபவம்.

அவருடைய அரசியலுக்கு விலை கொடுக்க நேர்ந்தது. ஆட்சிகள் மாறின, ஆனால் அவர்மீது இருந்த சந்தேகம் மாறவில்லை. வானொலியில் வாசிக்கத் தடை, நிகழ்ச்சிகளுக்குத் தடை, மன்றத்து வாசலிலே போலீஸ், பல முறை சிறை. 1955-இல் தெவோட்டோ சிறையில் சுமார் ஆறு மாதம் கிடந்தார். அவர் உள்ளே இருந்த இரவுகளிலே குழு வாசிப்பை நிறுத்தவில்லை. மேடையில் அவருடைய பியானோவின்மீது ஒரு சிவப்புக் கார்னேஷன் மலரை வைத்துவிட்டு வாசித்தார்கள். அந்த மலரைப் பற்றி அந்நகரத்தார் இன்றளவும் கண் கலங்கப் பேசுகிறார்கள், அது நியாயமே. எனினும், முதலாளியை இழந்த மறுநாளே கலைந்து வேறு வேலை தேடும் குழுக்கள் நிறைந்த நகரத்தில், தலைவனை அடிக்கடி சிறை கொண்டுபோயும் இந்தக் குழு கலையாமல் வாசித்தது என்பதை, மலரைவிடப் பெரிய செய்தியாக நான் கருதுகிறேன். குழு அவர்களுடையது, அதனால் அவர் இல்லாதபோதும் அது இருந்தது.

1959-இல் சோவியத் நாட்டுக்கும் சீனத்துக்கும், 1965-இல் ஜப்பானுக்கும் குழுவோடு பயணம் சென்றார். ஆனால் அதற்குள் ஊரிலேயே நிலைமை மாறிக்கொண்டிருந்தது. இளைஞர்கள் வேறு சங்கீதத்தை நாடினார்கள்; பெரிய குழுக்களுக்கு வேலை அருகியது. 1968-இல் ருஜியேரோ, பல்கார்செ, ஹூலியான் பிளாசா, விக்டர் லவல்யேன், ஆஸ்கர் ஹெரேரோ, அல்சிதேஸ் ரோஸ்ஸி என்ற அறுவரும் பிரிந்து ‘செக்ஸ்டேட்டோ டாங்கோ’ என்ற சிறு குழுவை அமைத்தார்கள். பாடகர் ஹோர்கே மாசியேலும் உடன் சென்றார். குழுவின் முதுகெலும்பே போய்விட்டது. அறுபத்து மூன்றாவது வயதை எட்டவிருந்த மனிதர் மனம் கசந்து ஒதுங்கியிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் அவர்களைப் பகைக்கவில்லை. மறுபடியும் இளைஞர்களைத் தேடிப் பிடித்துப் புதிய குழுவைக் கட்டினார். ரொடோல்ஃபோ மெதெரோஸ், தானியேல் பினெல்லி, ஹுவான் ஹோசே மொசாலினி என்று பிற்காலத்தில் தங்கள் தங்கள் வழியில் பேர் பெற்ற பண்டோனியன் மேதைகள் அந்தக் குழுவிலே வாசித்தவர்கள். தம் பாணியைக் கேள்வி கேட்கக்கூடிய பையன்களையே பக்கத்தில் வைத்துக்கொண்டார். பியாஸ்ஸோல்லாவின் உருப்படிகளையும் எத்வார்தோ ரோவிராவின் உருப்படிகளையும் தம் குழுவுக்காக எடுத்துக்கொண்டார்.

புவெனஸ் அயர்ஸ் நகரத்தில் கொலோன் என்ற பெரிய சங்கீத நாடக மாளிகை ஒன்று இருக்கிறது. 1908-இல் திறக்கப்பட்டது, ஐரோப்பாவின் தலைசிறந்த பாடகர்கள் வந்து பாடிய இடம், டாங்கோக்காரர்களுக்கு அதன் வாசல் எளிதில் திறந்ததில்லை. புல்யேசேயின் ரசிகர்கள் நாற்பதுகளிலிருந்தே, பேட்டை மன்றத்தில் அவர் வாசித்து முடித்ததும், ‘கொலோனுக்கு, கொலோனுக்கு!’ என்று கோஷம் எழுப்புவது வழக்கம். 1985-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் தேதி, எண்பது வயது நிரம்பியவராய், அந்த மாளிகையின் மேடையிலே அவர் தம் குழுவோடு வந்து அமர்ந்தார். பழைய தோழர்களும் வந்து கூட வாசித்தார்கள். மேல்மாடம் வரையில் நிறைந்திருந்தவர்கள் அதே வில்லா கிரெஸ்போவின் ஜனங்கள். நாற்பது ஆண்டுக் கோஷம் பலித்த அந்த இரவின் பதிவைக் கேட்கும்போது, சங்கீதத்தைவிட அந்த ஆரவாரத்தையே நான் அதிகம் கேட்பதுண்டு.

நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, 1989-இல், ஆம்ஸ்டர்டாம் நகரத்திலே அவரும் பியாஸ்ஸோல்லாவும் ஒரே மேடையில் வாசித்தார்கள். ஒருவர் சம்பிரதாயத்தின் பாதுகாவலர், மற்றவர் அதை உடைத்தவர் என்று பேசி வந்தவர்களுக்கு, இருவர் குழுக்களும் சேர்ந்து ‘லா யும்பா’வையும் பியாஸ்ஸோல்லாவின் ‘அதியோஸ் நோனினோ’வையும் வாசித்ததே தக்க விடை.

அவர் மறைந்த பின், வில்லா கிரெஸ்போவின் சுரங்க ரயில் நிலையத்துக்கு அவர் பெயரைச் சேர்த்தார்கள். கொரியென்டஸ் வீதியிலே சிலை வைத்தார்கள். வாத்தியக்காரர்கள் அவருடைய படத்தை, துரதிருஷ்டத்தை விலக்கும் புனிதர் படம்போலப் பையில் வைத்துக்கொண்டு மேடை ஏறுகிறார்கள். இவற்றையெல்லாம்விட வேறு ஒரு காரியத்தைச் சொல்லவே நான் விரும்புகிறேன். 2000-ஆம் ஆண்டில், டாங்கோவை அறிந்த முதியவர்கள் ஒவ்வொருவராக மறைந்துகொண்டிருந்த வேளையில், இளைஞர்களுக்கு அந்தப் பாணிகளை நேரில் கற்றுக்கொடுப்பதற்கென்று புவெனஸ் அயர்ஸில் ஒரு பயிற்சிக் குழு தொடங்கப்பட்டது. அதன் முதல் இயக்குநராக வந்து அமர்ந்தவர், புல்யேசேயின் வயலின் வரிசையிலிருந்து ‘லா போர்தோனா’வை எழுதிய, அப்போது எண்பது வயதைத் தாண்டியிருந்த எமிலியோ பல்கார்செ. அடுத்த ஆண்டில் ‘ஃபெர்னாண்டஸ் ஃபியெரோ’ என்ற இளைஞர் குழு தோன்றியது. தலைமுடியை வளர்த்துக்கொண்டு, ‘லா யும்பா’வின் அந்தக் கனத்த அடியைப் பன்மடங்கு உரக்க முழக்கும் அந்தக் குழு, வருமானத்தைத் தனக்குள்ளே பங்கிட்டுக்கொள்ளும் ஒரு கூட்டுறவு.